நடந்து செல்லும் கல்விச் சுற்றுலா

கல்விச் சுற்றுலா என்றதும் எங்கள் பிள்ளைகளின் மனக்கண்ணில் வந்து நிற்பது ஒரு பஸ். இரவு பத்து மணிக்குப் பாடசாலை வாசலில் புறப்படும். விடியும்போது கண்டியில் நிற்கும். பேராதனைப் பூங்கா, நுவரெலியா, தெஹிவளை மிருகக்காட்சிச்சாலை என்று மூன்று நாட்களில் பாதி இலங்கை யன்னல் கண்ணாடிக்கு வெளியே ஓடி முடிந்துவிடும். பிள்ளைகள் கழுத்து வலியோடும் தொலைபேசி நிறையப் படங்களோடும் வீடு திரும்புவார்கள். இதை நான் குறையாகச் சொல்லவில்லை. மலைநாட்டைக் காணாமல் ஒரு பிள்ளை வளரக்கூடாது. ஆனால் அதே பிள்ளையிடம் நீர்வேலி எப்படிப்பட்ட ஊர் என்று கேட்டுப் பாருங்கள். எமது வட்டாரத்திலிருந்து பத்துக் கிலோமீற்றர் அளவில் இருக்கும் ஊர் அது. “பருத்தித்துறை பஸ் போகும் வழியில் வரும்” என்று ஒரு பதில் கிடைக்கும். அதற்கு மேல் எதுவும் கிடைக்காது.

எனவே ஒரு யோசனையை முன்வைக்கிறேன். எமது அடுத்த கல்விச் சுற்றுலா நடந்து செல்வதாக இருக்கட்டும். யாழ் நகரிலிருந்து பருத்தித்துறை வரை, ஏறத்தாழ 33 கிலோமீற்றர், மூன்று நாட்கள். ஊர்களினூடாக நடப்பது, இரவில் அந்த ஊர்களின் வீடுகளிலேயே தங்குவது, வழிகாட்டுவதற்கு அந்த ஊர்ப் பெண்களையே அமர்த்திக்கொள்வது. இதை வாசிக்கும்போது வாப்பாமாரின் முகம் எப்படி மாறும் என்பது எனக்குத் தெரியும். உம்மாமாரின் முகம் அதைவிட வேகமாக மாறும். அதற்குப் பிறகு வருகிறேன்.

ஊர்களினூடாகப் பல நாள் நடந்து, ஊரவர் வீடுகளில் தங்கும் இந்தப் பயண முறைக்கு இன்று உலகெங்கும் நல்ல வரவேற்பு இருக்கிறது. ‘ஹோம்ஸ்டே’ என்ற சொல் எங்கள் சுற்றுலா அபிவிருத்தி அதிகாரசபையின் பதிவேட்டுக்குள்ளும் வந்துவிட்டது. மலையகத்தில் கண்டி ஹந்தானையில் தொடங்கி நுவரெலியா வரை வளைந்து செல்லும் ‘பீக்கோ ட்ரெயில்’ என்ற நடைபாதை 300 கிலோமீற்றருக்கும் அதிக நீளமுடையது; 22 கட்டங்களாகப் பிரிக்கப்பட்டது. வெள்ளையர் காலத்தில் தேயிலை ஏற்றிச் செல்லப் போட்ட தோட்டப் பாதைகளே இன்று வெளிநாட்டார் நடக்கும் வழியாகியிருக்கின்றன. நல்ல முயற்சிதான். இருந்தாலும் லயன் அறைகளுக்கு முன்னால் நின்று படமெடுத்துக்கொண்டு போகும் ஒருவர், அந்த அறைக்குள் ஒரு கோப்பை தேநீர் குடித்துவிட்டுப் போகும் ஒருவரிலிருந்து வேறுபட்டவர் என்பதை இங்கே சொல்லி வைக்க வேண்டும். பாதை மட்டும் இருந்து, வீடு இல்லாத நடை பாதி நடைதான்.

மலைநாட்டில் இது புதிது. யாழ்ப்பாணத்தில் புதிதல்ல. குடாநாடு நடப்பவர்களுக்காகவே அமைக்கப்பட்ட நிலம் போன்றது. ஏறுவதற்கு மலையில்லை, கடப்பதற்குப் பெரிய ஆறில்லை. மழைக்காலத்தில் மட்டும் ஓடும் வழுக்கையாற்றை ஆறென்று சொல்வதற்கே கொஞ்சம் தாராள மனம் வேண்டும். பழைய வீதிகளின் ஓரங்களில் இன்னும் சில இடங்களில் சுமைதாங்கிக் கற்களைக் காணலாம். தலைச்சுமையோடு வருபவர் பிறர் உதவியின்றித் தானே இறக்கி வைத்து, களைப்பாறி, தானே மீண்டும் தூக்கிக்கொள்ளத் தக்க உயரத்தில் அவற்றைக் கட்டினார்கள். அவற்றுட் பல, வயிற்றுச் சுமையை இறக்காமலே இறந்துபோன கர்ப்பிணிப் பெண்களின் நினைவாகக் கட்டப்பட்டவை. எங்கள் பிள்ளைகள் இலக்கிய நயம் எழுதுவதற்கு எங்கெங்கோ உவமை தேடுகிறார்கள். வீதியோரத்தில் ஒரு கல் இவ்வளவு பேசுகிறது; பஸ் அதைத் தாண்டி ஓடுகிறது.

சுமைதாங்கிக்குப் பக்கத்தில் மாடுகள் உடம்பு உராய்ஞ்சிக்கொள்ள ஆவுரோஞ்சிக் கல், குடிக்கக் கேணி, படுக்க மடம். பருத்தித்துறையில் இருக்கும் தெருமூடி மடத்தை ஒருமுறையாவது நின்று பார்க்க வேண்டும். வீதியின் இருபுறமும் கல் திண்ணைகள், மேலே கூரை, நடுவே வீதி. வழிப்போக்கர் மடத்தைத் தேடிப் போகத் தேவையில்லை. வழியே மடத்துக்குள் புகுந்து போகிறது. வீடுகளிலும் அதே மனம் இருந்தது. சங்கடப் படலை என்று யாழ்ப்பாணத்து வாசல் ஒன்று உண்டு. படலைக்கு மேல் ஒரு சிறு கூரை, அதன் கீழ் உட்காரத் திண்ணை. வெயிலிலோ மழையிலோ வருபவர் யாரையும் கேட்காமல் அங்கே ஒதுங்கலாம். வீட்டுக்காரருக்கு அவர் யாரென்று தெரியத் தேவையில்லை. இன்று கிடுகு வேலி போய் மதில் வந்துவிட்டது. சங்கடப் படலை இருந்த இடத்தில் இரும்புக் கேற் வந்துவிட்டது. கேற்றில் ‘நாய் கவனம்’ என்று எழுதியிருக்கிறது. அது உண்மையும்கூட.

நடை இன்னும் முற்றாக அற்றுப்போகவில்லை. ஒவ்வோர் ஆண்டும் தொண்டைமானாறு செல்வச்சந்நிதியிலிருந்து இந்து அடியார்கள் கதிர்காமத்துக்குப் பாதயாத்திரை போகிறார்கள். முல்லைத்தீவு, திருகோணமலை, மட்டக்களப்பு, அம்பாறை என்று கரையோரமாக நடந்து, குமண, யால காடுகளைக் கடந்து செல்ல ஏறத்தாழ ஒன்றரை மாதமாகிறது. வயதான பெண்கள் அதில் நிறைய. அவர்கள் எங்கே தூங்குகிறார்கள், யார் சோறு போடுகிறார்கள்? வழியிலுள்ள ஊர்கள்தாம். அந்த வழி கிழக்கிலே எங்கள் சமூகத்தின் ஊர்களினூடாகவும் போகிறது என்பதையும், அது போய்ச் சேரும் கதிர்காமத்தில் ஒரு பள்ளிவாசலும் ஹிழ்ர் (அலை) அவர்களின் பெயரால் ஓரிடமும் இருக்கின்றன என்பதையும் எமது மாணவியருள் எத்தனை பேர் அறிவார்கள்?

முஸ்லிம் பயணி ஒருவரின் கதையும் இங்கே பொருந்தும். 1344ஆம் ஆண்டு இப்னு பதூதா இலங்கைக் கரையில் இறங்கியபோது அவரை வரவேற்றவன் யாழ்ப்பாண அரசன் ஆரியச் சக்கரவர்த்தி. பாவாதமலையைத் தரிசிக்க வேண்டுமென்று அவர் கேட்டார். அரசன் பல்லக்கும் தூக்குவோரும் கொடுத்தான். நான்கு யோகிகள், மூன்று பிராமணர், துணைக்கு வேறு பத்துப் பேர், உணவுப் பொருள் சுமக்கப் பதினைந்து பேர் என்று கூட்டி அனுப்பினான். வழிகாட்டியோடு கூடிய பல நாள் நடைப்பயணம் என்று இன்று விளம்பரம் செய்கிறார்களே, அதன் பழைய உருவம் இதுதான். பல்லக்கில் போனதை நடை என்று சொல்லலாமா என்று கேட்பவர்கள் கேட்கட்டும். எனக்கு முக்கியமாகப் படுவது வேறொன்று. ஒரு முஸ்லிம் விருந்தாளியை ஓர் இந்து அரசன் யோகிகளிடமும் பிராமணரிடமும் ஒப்படைத்தான். அவரும் நம்பிப் போனார், நலமாகத் திரும்பினார்.

அந்த நம்பிக்கை எங்கள் காலத்தில் உடைந்தது. அதைப் பேசாமல் யாழ்ப்பாணத்து ஊர்களில் நடப்பதைப் பற்றி எழுதுவது நேர்மையாகாது. 1990 ஒக்டோபர் 30ஆம் திகதி, இரண்டு மணி நேர அவகாசத்தில் யாழ்ப்பாணத்து முஸ்லிம்களை விடுதலைப் புலிகள் வெளியேற்றினார்கள். நகையும் பணமும் சோதித்துப் பறிக்கப்பட்டன. வடக்கு முழுவதிலுமிருந்தும் அந்த நாட்களில் துரத்தப்பட்டவர்கள் ஏறத்தாழ 75,000 பேர். கிடைத்த வாகனத்தில் ஏறியும், வாகனம் கிடைக்காத தூரத்தை நடந்தும் போனார்கள். உம்மும்மாமாரிடம் அந்த நடையைப் பற்றிக் கேட்டால் சிலர் பேசுவார்கள். சிலர் எழுந்து அடுப்படிக்குப் போய்விடுவார்கள். இன்று எமது வகுப்புகளில் இருக்கும் பிள்ளைகளுட் பலரின் பெற்றார் புத்தளத்து முகாம்களில் வளர்ந்தவர்கள். அவர்களுக்கு யாழ்ப்பாணம் என்பது முதலில் ஒரு கதையாகத்தான் தெரிந்தது; பிறகுதான் ஓர் ஊராயிற்று. திரும்பி வந்தபோதும் ஒரு சில தெருக்களுக்குத் திரும்பி வந்தார்களே தவிர, குடாநாட்டுக்குத் திரும்பி வரவில்லை.

சரியாக ஐந்து ஆண்டுகள் கழித்து, அதே ஒக்டோபர் 30ஆம் திகதி, 1995இல், வலிகாமத்துத் தமிழ் மக்கள் நடந்தார்கள். இராணுவம் முன்னேறி வர, புலிகள் எல்லோரையும் வெளியேறச் சொன்னார்கள். பல இலட்சம் பேர் ஒரே இரவில், மழையில், செம்மணி வெளியாலும் நாவற்குழிப் பாலத்தாலும் தென்மராட்சியை நோக்கி நெரிபட்டுச் சென்றார்கள். முதியவர்களை நாற்காலியில் வைத்துத் தூக்கிச் சென்றார்கள். சைக்கிளில் பானையும் புத்தகப் பையும் தொங்கின.

இரண்டையும் தராசில் வைத்து நிறுக்க நான் வரவில்லை. ஒன்றில் ஒரு சமூகம் மட்டும் தெரிந்தெடுத்துத் துரத்தப்பட்டது. அதற்கு அயலிலிருந்து போதிய குரல் எழவில்லை. மற்றது போரின் நடுவே நடந்தது. வேறுபாடு வேறுபாடுதான். ஆனால் ஒன்று மட்டும் என் மனத்தை உறுத்துகிறது. நாங்கள் நடந்தபோது அவர்கள் வீட்டுக்குள் இருந்தார்கள். அவர்கள் நடந்தபோது நாங்கள் புத்தளத்து ஓலைக் கொட்டில்களில் இருந்தோம். ஒருவர் நடையை மற்றவர் காணவில்லை. பின்னர் உட்கார்ந்து கேட்கவுமில்லை. சந்தையில் சந்திக்கிறோம், தையற் கடையில் அளவு கொடுக்கிறோம், ஆசுபத்திரி வரிசையில் பக்கத்துப் பக்கத்தில் நிற்கிறோம். இரவு எட்டு மணிக்குச் சாப்பாட்டுக்குப் பிறகு, விளக்கடியில், “அன்றைக்கு உங்களுக்கு என்ன நடந்தது?” என்று கேட்கும் அளவுக்கு நெருக்கம் எங்கே வந்தது? மேடையில் நல்லிணக்கம் பேசுபவர்கள் பேசிவிட்டுக் காரில் ஏறிப் போய்விடுகிறார்கள். அந்தக் கேள்வியைக் கேட்க ஓர் இரவு தங்க வேண்டும்.

நான் நடைப்பயணத்தை விரும்புவதற்கு முதற் காரணம் இதுதான். உடற்பயிற்சி, இயற்கை இரசனை எல்லாம் பிறகு.

இப்போது பெற்றாரின் கேள்விகளுக்கு வருகிறேன். முதலாவது, மஹ்ரம் துணையின்றிப் பெண்பிள்ளைகளை வெளியில் இரவு தங்க விடலாமா? மார்க்கத் தீர்ப்புச் சொல்வது என் வேலையன்று. அதை ஆலிம்களிடம் விடுகிறேன். ஆனால் இந்தக் கேள்விக்கு “போகவேண்டாம்” என்பது ஒன்றுதான் விடை என்று ஏன் முடிவு செய்கிறோம்? “நானும் வருகிறேன்” என்பதும் ஒரு விடைதானே. மகளோடு உம்மா நடக்கட்டும். வாப்பாவோ நானாவோ மாமாவோ கூட நடக்கட்டும். பத்துக் குடும்பங்கள் சேர்ந்தால் போதும். மகளை ரியூஷனுக்கு ஏற்றி இறக்குவதைத் தவிர அவளோடு வேறு பேச்சில்லாத வாப்பாவுக்கு மூன்று நாள் நடை ஒரு நல்ல வாய்ப்பு. பிள்ளைக்கு மட்டும் கல்விச் சுற்றுலா, பெற்றாருக்குக் கல்வி வேண்டாம் என்று யார் சொன்னது?

இரண்டாவது, பாதுகாப்பு. இது நியாயமான கேள்வி. இரவு முழுதும் உறங்காத சாரதியின் கையில் ஐம்பது பிள்ளைகளை ஒப்படைத்துவிட்டு நாங்கள் நிம்மதியாகத் தூங்குகிறோம் என்பதையும் சேர்த்து யோசிக்க வேண்டும். நடக்கும் கூட்டம் மெதுவாகப் போகும்; ஊரே அதைப் பார்த்துக்கொண்டிருக்கும். வாகன நெரிசலுள்ள பெருவீதியைத் தவிர்த்து ஒழுங்கைகளால் போகவேண்டும். அதற்குத்தான் ஊர் தெரிந்த வழிகாட்டி. அந்த வழிகாட்டி பெண்ணாக இருக்க வேண்டுமென்று நான் வற்புறுத்துவேன். நேபாளத்தில், பொக்காராவில், மூன்று சகோதரிகள் 1994இல் பெண்களுக்கான நடைப்பயண நிறுவனமொன்றைத் தொடங்கினார்கள். ஆண் வழிகாட்டிகளோடு மலைக்குப் போய்த் தொல்லைப்பட்டு வந்த பெண்களின் முறைப்பாடுகளைக் கேட்டுத்தான் அந்த யோசனை பிறந்தது. கிராமத்துப் பெண்களைப் பயிற்றி வழிகாட்டிகளாக்கினார்கள். ‘பெண்களால் இது முடியுமா?’ என்று சிரித்த ஊரில் அது இன்று ஒரு தொழில். நீர்வேலியிலும் அச்சுவேலியிலும் அப்படி நடக்கக்கூடிய பெண்கள் இல்லையா? தோட்டத்துக்கும் சந்தைக்கும் நாள்தோறும் நடப்பவர்கள் அவர்கள்.

வேறொரு வழியையும் யாராவது யோசித்தால் ஒரு சொல்: தென்மராட்சியைத் தாண்டிப் பளைப் பக்கம் நடப்பதானால் முகமாலையை நினைவில் வைக்க வேண்டும். மிதிவெடி அகற்றும் வேலை ஆண்டுக்கணக்காக நடந்த நிலம் அது. அங்கே பாதையை விட்டுக் கால் எடுத்து வைக்கும் பேச்சே கூடாது. பருத்தித்துறை வழியை நான் முதலில் சொல்வதற்கு இதுவும் ஒரு காரணம்.

உணவைப் பற்றி நான் அதிகம் கவலைப்படவில்லை. மரக்கறி என்று முன்கூட்டியே சொல்லிவிட்டால் ஹலால் சிக்கல் எழாது. யாழ்ப்பாணத்து மரக்கறிச் சாப்பாட்டைக் குறைத்து நினைப்பவர்கள் கத்தரிக்காய்ப் பால்கறியையும் முருங்கைக்காய்க் குழம்பையும் ஒரு சொதியையும் வாழையிலையில் கண்டதில்லை. தை, மாசியில் போனால் அவித்த பனங்கிழங்கு கிடைக்கும். பருத்தித்துறை வந்தால் வடை இருக்கவே இருக்கிறது. தொழுகைக்கு ஒவ்வொருவரும் ஒரு முஸல்லா சுருட்டி எடுத்துச் செல்ல வேண்டும். வீட்டுக்காரரிடம் ஒரு சுத்தமான அறை கேட்டால் எந்த வீட்டில் இல்லையென்பார்கள்? கிப்லா மேற்கே சற்று வடக்காக இருக்கிறது. தொழுகையைச் சுருக்குவதற்குரிய தூரமும் இதுவன்று. மார்க்க பாட ஆசிரியை இதை வழியிலேயே ஒரு பாடமாக நடத்திவிடலாம். உண்மையில் எமது தொழுகை நேரமே இந்த நடைக்கு நல்ல நேரசூசி. ஸுபஹ் தொழுதுவிட்டுப் புறப்பட்டால் வெயில் ஏறுமுன் பெரும்பகுதி தூரம் முடிந்துவிடும். ளுஹருக்கு முன்பே ஒரு மரநிழலிலோ சனசமூக நிலையத்திலோ ஒதுங்கிவிடலாம். அஸருக்குப் பிறகு மீதித் தூரம்.

“வெயிலில் கறுத்துப் போவாள்” என்பதற்கு நான் பதில் சொல்லப் போவதில்லை.

“பெண்பிள்ளைக்கு எதற்கு நடை?” என்று கேட்பவர்களுக்கு மட்டும் ஒன்றை நினைவூட்டலாம். ஸபாவுக்கும் மர்வாவுக்கும் இடையே ஏழு தடவை நடக்காமல் எவருடைய ஹஜ்ஜும் உம்றாவும் நிறைவேறாது. கூட்டிப் பார்த்தால் ஏறத்தாழ 3 கிலோமீற்றர். தாகத்தில் அழுத குழந்தைக்காக ஒரு தாய், ஹாஜரா (அலை), ஓடிய ஓட்டம் அது. மன்னர்களும் மார்க்க அறிஞர்களும் அவருடைய காலடியைத்தான் பின்பற்றி நடக்கிறார்கள்.

இனிப் பணம். இங்கேதான் எனக்குக் கொஞ்சம் கண்டிப்பு உண்டு. யாழ்ப்பாணத்துக்கு வரும் சுற்றுலா பஸ்கள் நல்லூர், கோட்டை, பொதுநூலகம், கசூரினாக் கடற்கரை, நயினாதீவு என்று ஓடிவிட்டுத் திரும்புகின்றன. அந்தப் பணத்தில் எவ்வளவு ஒரு புத்தூர்க் குடும்பத்துக்குப் போகிறது? நடப்பவர்கள் ஊரில் நிற்பார்கள். ஊரில் நின்றால் ஊரில் செலவழிப்பார்கள். போரில் துணையை இழந்து தனித்துக் குடும்பம் நடத்தும் பெண்கள் குடாநாட்டில் நிறைய இருக்கிறார்கள். ஆடு வளர், கோழி வளர், தையல் பழகு என்று அவர்களுக்கு எத்தனையோ திட்டங்கள் வந்து போய்விட்டன. எமது பிள்ளைகளும் உம்மாமாரும் தங்குவதற்கு அத்தகைய வீடுகளைவிடப் பொருத்தமான வீடு வேறேது? அவர்களுக்கு வருமானம், எங்களுக்கு மனநிம்மதி. கூட வரும் ஆண்கள் வாசிகசாலை மண்டபத்தில் பாய் விரித்துக்கொள்ளட்டும்.

ஆனால் யாழ்ப்பாணத்து வீட்டுக்காரி காசு வாங்க மறுப்பார். “பிள்ளையள் ஒரு நேரம் சாப்பிட்டதுக்குக் காசோ?” என்று கேட்பார். எமது மார்க்கத்திலும் விருந்தாளியின் உரிமை மூன்று நாட்கள் என்று நபி (ஸல்) அவர்கள் கற்பித்திருக்கிறார்கள். அதற்கு மேற்பட்டது தர்மம். இரண்டு பக்கமும் விருந்தென்றால் இப்படித்தான் நினைக்கிறது. இருந்தும் கொடுக்கத்தான் வேண்டும். விருந்தோம்பலை இலவசமாக வாங்கிப் பழகியவர்கள் அடுத்த முறை இன்னும் பத்துப் பேரோடு வருவார்கள். அந்த வீட்டில் அரிசிப் பானை காலியாவது அவர்களுக்குத் தெரியாது. நேபாளத்தில் சிருபாரி என்ற மலைக்கிராமம் இதற்கு ஒரு நல்ல வழி கண்டது. விருந்தினர் எந்த வீட்டில் தங்குவது என்பதை ஊர்க் குழு முறை வைத்துத் தீர்மானிக்கிறது. பெரிய வீட்டுக்காரரே எல்லோரையும் வளைத்துப் போட முடியாது. இங்கே மாதர் சங்கமோ சனசமூக நிலையமோ அந்த வேலையைச் செய்யலாம். பணத்தை வீட்டுக்காரியின் கையில் திணிப்பதைவிடச் சங்கத்தின் ஊடாகக் கொடுப்பது இரு தரப்புக்கும் மரியாதை.

ஒரு கட்டுப்பாடும் வேண்டும்: வீட்டுக்குள் தொலைபேசியில் படம் எடுக்கக்கூடாது. ஒருவருடைய கிணற்றடியும் குசினியும் காட்சிப் பொருளல்ல. பிள்ளைகள் கொப்பியில் எழுதட்டும். இந்தச் சஞ்சிகைக்குக் கட்டுரை கேட்டு ஆசிரியைகள் ஒவ்வொரு தவணையும் படும் பாட்டுக்கும் அது ஒரு முடிவாக இருக்கும்.

வழியைப் பற்றி நான் கற்பனை செய்து வைத்திருப்பது இது. முதல் நாள் நல்லூர், கல்வியங்காடு, இருபாலை, கோப்பாய் தாண்டி நீர்வேலியில் தங்கல். செம்மண்ணும் வாழைத் தோட்டங்களும் அங்கே தொடங்கும். கிணற்றுத் தண்ணீரில்தான் இந்த நிலம் முழுதும் விளைகிறது என்பதைப் பாடப்புத்தகத்தில் படித்த பிள்ளை அந்தக் கிணற்றை எட்டிப் பார்க்கட்டும். இரண்டாம் நாள் சிறுப்பிட்டி, புத்தூர் வழியாக நிலாவரைக்குப் போய் அச்சுவேலியில் தங்கல். நிலாவரைக் கிணற்றில் மேலே நல்ல தண்ணீர், ஆழத்தில் உப்புத் தண்ணீர். எங்கள் குடாநாட்டின் நிலைமையே அதுதான்: சுண்ணாம்புக் கல்லுக்குள் தேங்கிய மழைநீர் கடல்நீரின் மேல் மிதந்துகொண்டிருக்கிறது. அளவுக்கு மீறி இறைத்தால் உப்பு மேலே வரும். அளவுக்கு மீறி உரம் போட்டால் அது கீழே போகும். சுன்னாகத்தில் கிணறுகளுக்குள் எண்ணெய் கலந்தபோது ஊர் பட்ட பாட்டை எல்லோரும் அறிவோம். இந்தத் தண்ணீரைத் தமிழரும் முஸ்லிம்களும் தனித்தனியாகக் குடிக்கவில்லை.

மூன்றாம் நாள்தான் கடினம். வல்லை வெளியை விடியலிலேயே கடந்துவிட வேண்டும். இருபுறமும் உவர்நிலம், கடல்நீர் ஏரி, ஒதுங்க ஒரு மரமில்லை, காற்று முகத்தில் அடிக்கும். பஸ்ஸில் அது ஐந்து நிமிடம், யன்னலை மூடிக்கொள்வார்கள். நடந்தால்தான் வடமராட்சி ஏன் தனியொரு நாடு போல் தன்னை நினைத்துக்கொள்கிறது என்பது விளங்கும். பிறகு நெல்லியடி, பிறகு பருத்தித்துறை. தெருமூடி மடத்துக் கல் திண்ணையில் கொஞ்சம் இருந்து காலை நீட்டலாம். திரும்பி வருவதற்குப் பஸ்ஸே போதும்.

இதெல்லாம் ஒருவழிப் பாதையாக இருந்தால் நான் ஒத்துக்கொள்ள மாட்டேன். நீர்வேலிப் பிள்ளைகளும் அவர்களுடைய அம்மாமாரும் எங்கள் வட்டாரத்துக்கு வந்து ஓர் இரவாவது தங்க வேண்டும். இங்கேதான் எங்களுக்கு உள்ளூரக் கூச்சம் வரும். மீள்குடியேறிய எத்தனையோ குடும்பங்கள் இரண்டு அறை வீட்டில் இருக்கின்றன. சில வீடுகளுக்கு இன்னும் சாந்து பூசவில்லை. இடிந்த மதில் அப்படியே நிற்கிறது. “இந்த வீட்டுக்கு எப்படி ஆளைக் கூப்பிடுவது?” என்று உம்மாமார் தயங்குவார்கள். கூப்பிடலாம். அந்த இடிந்த மதிலைப் பார்த்தால் அவர்களும் கேட்பார்கள், “அன்றைக்கு உங்களுக்கு என்ன நடந்தது?” என்று. நோன்பு மாதமாக இருந்தால் இன்னும் நல்லது; மஃரிபுக்குக் கஞ்சிக் கோப்பையோடு வரிசையில் உட்கார வைத்துவிட்டால் மீதிப் பேச்சு தானே வரும்.

ஒரேயடியாக மூன்று நாள் வேண்டாமென்றால் ஓர் இரவோடு தொடங்கலாம். வாடைக்கால மழை ஓய்ந்து தை பிறந்த பின், ஒரு வெள்ளிக்கிழமை ஜும்ஆ முடிந்து அஸர் தொழுதுவிட்டு நீர்வேலிக்குப் புறப்பட்டு, சனிக்கிழமை பகல் திரும்பி வருவது. பத்து உம்மாமாரும் பத்துப் பிள்ளைகளும், துணைக்கு நான்கைந்து ஆண்கள். பழகிய செருப்பு, ஒரு தண்ணீர்ப் போத்தல், முஸல்லா, மாற்றுடுப்பு. நாய்களுக்காக ஒரு தடி. பெற்றார் ஆசிரியர் சங்கத்தின் அடுத்த கூட்டத்தில் இதை நிகழ்ச்சி நிரலில் சேர்க்கச் சொல்லிக் கேட்க இருக்கிறேன். அதிபர் சம்மதித்தால் முதற் கடிதம் நீர்வேலி மாதர் சங்கத் தலைவிக்குப் போகும். அதைப் பிள்ளைகளே கையால் எழுத வேண்டும், தட்டச்சில் வேண்டாம்.